இருக்கிறது, ஆனால் எங்கே இருக்கிறது?

பொருள் இல்லாதவர் படும் துன்பம் ஒருவகை. பொருள் இருந்தும் அஃது இருக்கும் இடம் அறியாதவர் படும் துன்பம் மற்றொரு வகை. முன்னவரைக் கண்டு உலகம் இரங்கும். பின்னவரைக் கண்டு, "கவனமில்லாதவர்" என்று கடிந்துகொள்ளும். ஆயினும் அலுவலக மேசையின் முன்னே நிற்கும் வேளையில் இருவருக்கும் கிடைக்கும் விடை ஒன்றுதான்: "பத்திரத்தைக் கொண்டுவாருங்கள், பிறகு பார்ப்போம்."

அட்டன், டிக்கோயா, பொகவந்தலாவை, மஸ்கெலியா, தலவாக்கலை, நுவரெலியா முதலிய பகுதிகளில் தேயிலைத் தோட்டங்களிலே வாழும் நம் குடும்பங்களுக்கு இந்த விடை புதிதன்று. பிறப்புப் பத்திரம், பிரசாவுரிமைப் பத்திரம், ஊழியர் சேமலாப நிதிக் கணக்குத் தாள், வங்கிப் புத்தகம், பிள்ளைகளின் பரீட்சைச் சான்றிதழ் ஆகிய யாவும் முன்பெல்லாம் லயத்துக் காம்பராவின் மூலையில் ஒரு தகரப்பெட்டிக்குள் கிடந்தன. பெட்டியைத் திறந்து அடிவரை புரட்டினால் தேடியது கிடைக்கும். கிடைக்காவிடின் அது வீட்டில் இல்லை என்று முடிவு செய்துவிடலாம்.

இன்றோ ஒரு பெட்டி பல பெட்டிகளாகிவிட்டது. மூத்த மகனின் கைத்தொலைபேசியில் சில படங்கள். கொழும்பிலே கடையில் வேலை பார்க்கும் இளையவனின் பழைய தொலைபேசியில் சில. அலமாரித் தட்டிலே கிடக்கும் பென் டிரைவ் ஒன்றில் சில. கலியாணப் படங்களோடு சேர்ந்து ஓர் இறுவட்டில் சில. மெமரி கார்டு ஒன்றிலே இன்னுஞ் சில. பத்திரம் படமெடுக்கப்பட்டிருக்கிறது என்பது எல்லோருக்கும் நினைவிருக்கிறது. எதிலே எடுத்து வைத்தோம் என்பதுதான் எவருக்கும் நினைவில்லை.

இவ்வாறு பல சேமிப்புக் கருவிகளிலே சிதறிக் கிடக்கும் கோப்புகளை ஓரிடத்தில் இருந்தபடியே தேடிக் காண்பதற்கு, விலை கொடாமலே கிடைக்கும் சிறு மென்பொருள்கள் சில உள்ளன. அவற்றைக் கணினியிலே நிறுவ வேண்டுவதில்லை. சட்டைப் பையிலே கொண்டு செல்லலாம். அவை எவை, எவ்வாறு இயங்குகின்றன, நமது வீட்டு ஆவணங்களுக்கு எவ்வகையில் பயன்படும் என்பவற்றை இவ்வாரம் சிறிது ஆராய்வோமாக.

ஒரு காகிதத்தின் விலை

மலையக மக்களின் வரலாற்றிலே காகிதத்துக்கு இருந்த வலிமை வேறெந்தப் பொருளுக்கும் இருந்ததில்லை எனலாம். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தமிழகத்திலிருந்து தோட்டங்களுக்கு அழைத்துவரப்பட்டவர்களுக்குத் தகரத்துண்டு ஒன்று வழங்கப்பட்டது. அவர் எந்தத் தோட்டத்துக்குரியவர், அவருடைய இலக்கம் யாது என்பன அதிலே பொறிக்கப்பட்டிருந்தன. ஆளையே ஓர் இலக்கத்தால் அடையாளங் காணும் முறை அது. தோட்டத்திலே செக்ரோலில் பெயர் உண்டா என்பதே அன்றைய கூலியைத் தீர்மானித்தது.

நாடு சுதந்திரம் பெற்ற 1948 ஆம் ஆண்டிலே 18 ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம் வந்தது. இலங்கையிலே பிறந்த ஒருவரும், தம் தந்தையோ, அல்லது தந்தைவழிப் பாட்டனும் பூட்டனுமோ இந்நாட்டிலே பிறந்தவர்கள் என்று காட்ட வேண்டியவரானார். பிறப்புப் பதிவு என்பதையே அறியாத தலைமுறையின் பிறப்புக்குப் பத்திரம் எங்கே கிடைக்கும்? அடுத்து வந்த 1949 ஆம் ஆண்டின் 3 ஆம் இலக்க இந்திய, பாகிஸ்தானியர் பிரசாவுரிமைச் சட்டம் வேறொரு வழியைத் திறந்தது. 1946 ஆம் ஆண்டு சனவரி 1 ஆம் திகதிக்கு முன், மணமானவர் 7 ஆண்டுகளும் மணமாகாதவர் 10 ஆண்டுகளும் தொடர்ச்சியாக இங்கே வாழ்ந்ததை மெய்ப்பிக்க வேண்டும் என்பது அதன் விதி. எட்டு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் சார்பில் விண்ணப்பங்கள் சென்றன. பிரசாவுரிமை பெற்றவர்களோ சுமார் 1,34,000 பேர் மாத்திரமே.

1964 ஆம் ஆண்டு அக்டோபர் 30 ஆம் திகதி கைச்சாத்தான சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 மக்களின் விதியை எண்களாற் பிரித்தது. 5,25,000 பேர் இந்தியாவுக்கு. 3,00,000 பேர் இலங்கைக்கு. எஞ்சிய 1,50,000 பேரைப் பற்றிப் பின்னர் பேசலாம் என்று விடப்பட்டு, 1974 இல் அவர்களும் சரிபாதியாகப் பங்கிடப்பட்டனர். ஒரே லயத்தில் அண்ணன் ஒரு நாட்டுக்கும் தம்பி மறு நாட்டுக்கும் உரியவரான குடும்பங்கள் எத்தனையோ. 1964 அக்டோபர் 30 முதல் இந்நாட்டில் நிரந்தரமாக வாழ்ந்தவர்களும் அவர்தம் வழித்தோன்றல்களும் பிரசைகளாகலாம் என்று 2003 ஆம் ஆண்டின் 35 ஆம் இலக்கச் சட்டம் விதித்த பின்னரே நாடற்றவர் என்னும் நிலை நீங்க வழி பிறந்தது.

இவற்றை இங்கே நினைவூட்டுவதற்குக் காரணம் உண்டு. பாட்டனாரின் பெயர் எழுதிய பழுப்பேறிய தாள், நம்மவர்க்கு வெறும் ஞாபகப் பொருளன்று. பேரன் காலத்திலும் அது சான்றாகலாம். ஓய்வு பெறும் தொழிலாளி ஒருவர் 1958 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கச் சட்டத்தின்படி அமைந்த சேமலாப நிதியைக் கேட்கும்போது, அடையாள அட்டையில் ஒரு பெயரும், தோட்டப் பதிவில் சற்றே வேறான பெயரும் இருக்குமாயின், இரண்டும் ஒருவரையே குறிப்பன என்று காட்டப் பழைய தாள்களே துணை நிற்கும். அத்தகைய தாளின் படம் எங்கேயோ இருந்தும், வேண்டிய வேளையில் கைக்கு அகப்படாவிடின், அதனால் யாருக்கு என்ன பயன்?

பெட்டி பலவானதால் நன்மையும் உண்டு

ஆவணங்களைப் படமெடுத்துப் பல இடங்களில் வைப்பது தவறு என்று கொள்ளலாகாது. 2014 ஆம் ஆண்டு அக்டோபர் 29 ஆம் திகதி காலையில், பதுளை மாவட்டத்துக் கொஸ்லந்தையில், மீரியபெத்தைத் தோட்டத்தின் மீது மலை சரிந்தது. லயங்கள் மண்ணுக்குள் மறைந்தன. மாண்ட உயிர்களுக்கு ஈடில்லை. உயிர் தப்பியோரின் துயரத்திலே இன்னொரு சிக்கலும் சேர்ந்தது: லயம் புதையும்போது அதிலிருந்த பெட்டிகளும் பத்திரங்களும் சேர்ந்தே புதைகின்றன. மழையும் பனியும் மிகுந்த நம் மலைகளிலே, சரிவு நேராவிடினும் ஈரமும் பூஞ்சணமும் காகிதத்தை மெல்ல மெல்லத் தின்றுவிடும். ஆகவே, ஓர் ஆவணத்தின் படம் வேறோர் ஊரிலுள்ள உறவினரிடத்தும் இருப்பது மிக நன்று.

ஆயினும் படம் மூலப்பத்திரத்துக்கு ஈடாகாது என்பதையும் கூறிவிட வேண்டும். படத்தின் பெரும்பயன், அதிலுள்ள பதிவிலக்கமும் திகதியும் பதிவாளர் பிரிவும் நமக்குத் தெரிந்திருப்பதே. அவை தெரிந்தால் உறுதிப்படுத்திய பிரதியொன்றைப் பெறுவது இலகு. தெரியாவிடின் ஆண்டு ஆண்டாகப் பதிவேடுகளைப் புரட்டித் தேட வேண்டிவரும். கூலியை விட்டுப் பல நாள் நடக்க வேண்டிவரும்.

நிறுவாமலே இயங்கும் மென்பொருள்

சாதாரணமாக ஒரு மென்பொருளைப் பயன்படுத்துமுன் அதனைக் கணினியில் நிறுவுதல் வேண்டும். தோட்டத்துப் பிள்ளைகளில் அநேகருக்குச் சொந்தக் கணினி இல்லை. பாடசாலையின் கணினிக் கூடத்திலோ, நகரத்துக் கொமினிகேசன் கடையிலோ, நண்பர் வீட்டிலோதான் ஒரு மணி நேரம் அமர முடிகிறது. அங்கெல்லாம் புதியதொன்றை நிறுவ அனுமதி கிடையாது. இக்குறையைப் போக்குவதே கையோடு செல்லும் மென்பொருள். அது தன் உறுப்புகள் யாவற்றையும் ஒரே கோப்புறைக்குள் அடக்கிக்கொண்டு பென் டிரைவிலேயே குடியிருக்கும். எந்தக் கணினியிற் செருகினாலும் அங்கிருந்தபடியே இயங்கும். குறிப்புகளையும் தன் கோப்புறைக்குள்ளேயே எழுதிக்கொள்ளும். 2004 ஆம் ஆண்டில் ஜோன் ஹேலர் என்பவர் பயர்பொக்ஸ் உலாவியை இவ்வாறு பென் டிரைவில் வைத்து இயக்கத்தக்கதாக அமைத்து வெளியிட்டது முதல் இம்முறை உலகெங்கும் பரவியது.

தேடுவதற்குரிய மென்பொருள்களை மூவகையாகப் பிரித்தறியலாம்: கோப்பின் பெயரைத் தேடுவன, கழற்றி வைத்த கருவிகளின் பட்டியலைத் தேடுவன, கோப்பின் உள்ளடக்கத்தைத் தேடுவன.

முதல் வகையிலே புகழ்பெற்றது 'எவ்ரிதிங்' என்பது. டேவிட் கார்பென்டர் என்பவர் ஆக்கிய இது விண்டோஸ் கணினிகளில் இயங்குவது. ஓரிரண்டு மெகாபைற்று அளவே கொண்டது. நிறுவாமல் இயங்கும் வடிவத்திலும் இலவசமாகக் கிடைக்கிறது. இதன் வேகத்தின் இரகசியம் எளியது. நூலொன்றிலே ஒரு சொல்லைத் தேட முதற் பக்கத்திலிருந்து வாசிப்பவர் உண்டு. கடைசிப் பக்கத்தின் சொல்லடைவைப் பார்ப்பவர் உண்டு. விண்டோஸ் கணினியின் வன்தட்டு, தன்னிடமுள்ள ஒவ்வொரு கோப்பின் பெயரையும் ஒரு தலைமைப் பட்டியலிலே எழுதி வைத்திருக்கிறது. எவ்ரிதிங் அந்தப் பட்டியலையே நேராக வாசித்துவிடுகிறது. பத்து இலட்சம் கோப்புகளை அட்டவணைப்படுத்த ஏறக்குறைய ஒரு நிமிடம் போதும் என்று அதனை ஆக்கியோர் கூறுகின்றனர். அதன் பின்னர், எழுத்தை அடிக்க அடிக்க விடை திரையிலே தோன்றும்.

இங்கே இரண்டு நுட்பங்களை அறிந்திருத்தல் வேண்டும். தலைமைப் பட்டியலை நேராக வாசிக்கக் கணினியின் நிருவாகி உரிமை தேவை. கடைக் கணினியில் அது கிடைக்காமற் போகலாம். மேலும், பென் டிரைவுகளும் மெமரி கார்டுகளும் பெரும்பாலும் வேறு அமைப்பு முறையைக் கொண்டவையாதலால் அவற்றில் அத்தகைய பட்டியல் இராது. இவ்விரு சந்தர்ப்பங்களிலும், அமைப்புப் பகுதிக்குச் சென்று அந்தக் கருவியை ஒரு 'கோப்புறை'யாகச் சேர்த்துவிட்டால் போதும். சிறிது நேரம் கூடுதலாக எடுக்கும், விடை தவறாது.

கைத்தொலைபேசி விஷயம் வேறு. அதனைக் கம்பியால் இணைத்தாற் கணினியிலே தோன்றும். ஆனால் வட்டாகத் தோன்றாது. ஆகையால் இத்தகைய மென்பொருள் அதற்குள்ளே புக இயலாது. தொலைபேசியிலுள்ள படங்களை முதலில் ஒரு பென் டிரைவுக்குப் பிரதி செய்துகொண்டு, அதன் பின் தேடுவதே வழி.

கழற்றி வைத்தவற்றையும் தேடலாம்

ஐந்து கருவிகள் இருந்தால் ஐந்தையும் ஒரே நேரத்திலே செருகக் கணினியில் இடமிராது. அவற்றுள் ஒன்று கொழும்பிலும் இருக்கலாம். இதற்கு உதவுவது இரண்டாம் வகை. கருவியை ஒரு தடவை செருகி, அதிலுள்ள கோப்புகளின் பெயர், அளவு, திகதி ஆகியவற்றை மாத்திரம் ஒரு பட்டியலாக எடுத்துக்கொண்டு கழற்றிவிடலாம். பின்பு தேடும்போது, "இக்கோப்பு 3 ஆம் இலக்கப் பென் டிரைவில், இன்ன கோப்புறையில் இருக்கிறது" என்று பட்டியலே சொல்லும். அதன் பிறகு அந்த ஒன்றை மாத்திரம் எடுத்துச் செருகினாற் போதும்.

எவ்ரிதிங்கிலேயே 'கோப்புப் பட்டியல்' ஆக்கும் வசதி உண்டு. இப்பணிக்கென்றே அமைந்த 'காத்தி', 'வேர்ச்சுவல் வொலியூம்ஸ் வியூ' என்னும் மென்பொருள்களும் இலவசமாகவே கிடைக்கின்றன. பின்னது விண்டோஸ் அல்லாத கணினிகளிலும் இயங்கும். பட்டியல் என்பது பெயர்களின் தொகுதியே ஆதலால் மிகச் சிறிய இடமே கொள்ளும். பழைய இறுவட்டுகளையும் இவ்வாறு பட்டியலிடலாம். நூல்நிலையத்திலே நூலைத் தேடுவோர் அலமாரிகளைத் துருவுவதில்லை. அட்டைப் பட்டியலைப் பார்த்து நேரே சென்று எடுப்பர். அதுவே இங்கும் நடைபெறுகிறது.

மூன்றாம் வகையிலே 'டொக்பெச்சர்' குறிப்பிடத்தக்கது. கோப்பின் பெயர் நினைவில்லை. உள்ளே எழுதிய ஒரு சொல் மாத்திரம் நினைவிலுண்டு என்னும் வேளையில் இது கைகொடுக்கும். கடிதங்கள், பிடிஎப் நூல்கள், வேர்ட் கோப்புகள் முதலியவற்றை வாசித்துச் சொல்லடைவு ஒன்றை ஆக்கிக்கொள்ளும். ஆவணங்களும் அடைவும் மென்பொருளும் ஒரே பென் டிரைவில் இருக்கத்தக்கதாகவும் அமைத்துக்கொள்ளலாம். தமிழ்க் கோப்புகளைத் தேடுமுன், உள்ளே இருப்பதாக நிச்சயமாகத் தெரிந்த ஒரு சொல்லைக் கொடுத்துச் சோதித்துப் பார்ப்பது நன்று.

தமிழுக்கென்று சில இடையூறுகள்

ஆங்கிலத்திலே தேடுவோர்க்கு இல்லாத சில இடையூறுகள் நமக்கு உண்டு. அவற்றுள் முதலாவது 'பாமினி' எழுத்துரு. இலங்கையிலே நெடுங்காலமாகத் தமிழ்க் கடிதங்களும் வினாத்தாள்களும் மலர்களும் இதிலேயே தட்டச்சு செய்யப்பட்டு வந்தன. இன்றும் பலர் அதை விட்டிலர். பாமினியில் 'அம்மா' என்று நாம் காண்பதைக் கணினி அவ்வாறு அறியாது. எம், கே, அரைப்புள்ளி, கே, எச் என்னும் ஆங்கிலக் குறிகளாகவே அது சேமித்து வைத்திருக்கிறது. எழுத்துரு என்னும் போர்வைதான் நமக்குத் தமிழாகக் காட்டுகிறது. ஒருங்குறித் தமிழில் 'அம்மா' என்று தேடினால் அக்கோப்பு அகப்படாததன் காரணம் இதுவே. பாமினித் தட்டச்சு அறிந்தவர், தேடற் பெட்டியிலே அதே விசைகளை ஆங்கிலத்தில் அடித்து, மேற்கோள் குறிக்குள் இட்டுத் தேடிப் பார்க்கலாம். ஆங்கிலத்தின் சிறிய எழுத்தும் பெரிய எழுத்தும் பாமினியில் வேறு வேறு ஒலியாதலால் வேண்டாதன சிலவும் சேர்ந்து வரும். நிலையான தீர்வு, முக்கியமான கோப்புகளை ஒருங்குறிக்கு மாற்றி வைப்பதே. அதற்கான மாற்றிகள் இலவசமாகக் கிடைக்கின்றன.

இரண்டாவது, ஒருங்குறியிலேயே உள்ள ஒரு நுட்பம். 'பொ' என்னும் எழுத்தின் குறியை ஒரே குறியாகவும் சேமிக்கலாம். முன்னொன்றும் பின்னொன்றுமாக இரு குறிகளாகவும் சேமிக்கலாம். கண்ணுக்கு ஒன்றுபோலவே தோன்றும், கணினிக்கு வேறு. பொகவந்தலாவை என்று தேடி விடை வராவிடின், முதலெழுத்தை விட்டு 'கவந்தலா' என்று மாத்திரம் தேடுவது தக்க உபாயம்.

மூன்றாவது, பெயர் எழுதும் வழக்கம். ஒரே ஊரை அட்டன் என்றும் ஹட்டன் என்றும் எழுதுகிறோம். ஒரே மனிதர் ஒரு தாளிலே முத்துசாமியாகவும் மற்றொன்றிலே முத்துச்சாமியாகவும் இருக்கிறார். எவ்ரிதிங்கிலே இரு வடிவங்களுக்கும் இடையில் செங்குத்துக் கோடு இட்டு, அட்டன்|ஹட்டன் என்று அடித்தால் எது இருப்பினும் காட்டும். இரு சொற்களுக்கிடையே இடம் விட்டு அடித்தால் இரண்டும் உள்ள கோப்புகளையே காட்டும்.

நான்காவது இடையூறே பெரியது. பத்திரத்தைப் படமெடுத்தால் அது படமே. அதிலே கணினி வாசிக்கத்தக்க எழுத்து ஒன்றும் இல்லை. அச்செழுத்தைப் படத்திலிருந்து வாசிக்கும் 'டெசரக்ட்' போன்ற மென்பொருள்கள் தமிழையும் அறியும். எனினும் பழைய தோட்டப் பதிவுகளின் கையெழுத்தை அவை சரிவர வாசிக்கும் என்று நம்புவதற்கில்லை. ஆகவே படத்துக்கு நாம் இடும் பெயரே அதன் ஒரே கைப்பிடி.

பெயர் இடுவதே பாதி வேலை

கைத்தொலைபேசி தானே இடும் பெயர் எண்களாலானது. அதிலும் ஒரு பயன் உண்டு. வாட்ஸ்அப் வழியாக அன்ட்ரொய்ட் தொலைபேசிக்கு வந்த படத்தின் பெயருக்குள் எட்டு இலக்கத்தில் திகதி அடங்கியிருக்கும். மலையகத்தின் 200 ஆண்டுகளை நினைவுகூர்ந்து 2023 ஆம் ஆண்டு சூலை 28 ஆம் திகதி தலைமன்னாரிலே தொடங்கிய நடைபயணம், ஆகஸ்ட் 12 ஆம் திகதி மாத்தளையில் நிறைவுற்றதன்றோ? அன்று நம் தொலைபேசிக்கு வந்த படங்கள் வேண்டுமாயின் 20230812 என்று தேடினாற் போதும். ஆனால் அப்பாவின் சேமலாப நிதித் தாளை எந்தத் திகதியில் அனுப்பினார்கள் என்று யார் நினைவில் வைத்திருப்பார்?

ஆகையால் முக்கியமான ஒவ்வொரு படத்துக்கும் புதுப்பெயர் இடுதல் வேண்டும். முதலில் ஆண்டு, மாதம், நாள். அடுத்துப் பத்திரத்தின் வகை. அடுத்துப் பத்திரத்தில் உள்ளவாறே உரியவரின் பெயர். இறுதியிலே வீட்டு உறவுமுறை. '1987-03-14 பிறப்புப் பத்திரம் செல்லம்மா அம்மா' என்பது போல இருக்கலாம். ஆண்டு முதலில் வருவதால் கோப்புகள் கால வரிசையில் தாமே நிற்கும். நாள் தெரியாவிடின் ஆண்டு மாத்திரம் போதும். சாய்கோடு, முக்காற்புள்ளி, கேள்விக்குறி முதலியவற்றை விண்டோஸ் ஏற்காது என்பதையும் நினைவிற் கொள்க.

இப்பணியிலே வீட்டுப் பெரியவர்களின் துணை இன்றியமையாதது. "அம்மாயி, இந்தப் படத்திலே நிக்கிறது யாரு?" என்று பேரன் கேட்க, "அது உங்க தாத்தாவோட தம்பிடா, சாஸ்திரி ஒப்பந்தத்திலே இந்தியாவுக்குப் போனவரு" என்று அம்மாயி சொல்ல, அது கோப்பின் பெயராக வேண்டும். கணினி அறிந்த கை பேரனுடையது. பெயர் அறிந்த நினைவு அம்மாயியுடையது. அந்த நினைவு மறைந்த பின்னர் எத்துணை விரைவான மென்பொருளும் அதனைத் தேடித் தராது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை வேலை

வீட்டிலுள்ள கருவிகள் யாவற்றையும் மேசைமேல் வையுங்கள். ஒவ்வொன்றிலும் சிறு தாளை ஒட்டி 1, 2, 3 என இலக்கமிடுங்கள். கணினிக்குள்ளும் கருவியின் பெயராக அதே இலக்கத்தைக் கொடுங்கள். ஏனெனில் இன்று ஓர் எழுத்தால் குறிக்கப்படும் பென் டிரைவ் நாளை வேறோர் எழுத்தால் குறிக்கப்படலாம். அப்பியாசக் கொப்பி ஒன்றிலே இலக்கம், அதனை வைத்திருப்பவர், இருக்கும் இடம் ஆகியவற்றை எழுதுங்கள். அடுத்து ஒவ்வொரு கருவியையும் செருகிப் பட்டியல் எடுங்கள். பட்டியல்களும் தேடும் மென்பொருளும் ஒரு பென் டிரைவில் இருக்கட்டும். பிறகு ஆவணப் படங்களைத் தேடி எடுத்துப் பெயரிட்டு, ஒரே கோப்புறையிலே சேர்த்து, அக்கோப்புறையை இரு கருவிகளுக்குப் பிரதி செய்யுங்கள். ஒன்று வீட்டில் இருக்க, மற்றது வேறோர் ஊரிலுள்ள நம்பிக்கைக்குரிய உறவினரிடம் இருக்கட்டும். படங்களை வாட்ஸ்அப்பில் அனுப்பும்போது படமாக அனுப்பினால் தெளிவு குன்றும். ஆவணமாக அனுப்பினாற் குன்றாது.

சில எச்சரிக்கைகளும் கூற வேண்டியுள்ளது. பலர் கைபட்ட கடைக் கணினியிலே வைரசு தொற்றுவது வழக்கம். ஆதலால் ஒரே பிரதியுள்ள பென் டிரைவை அங்கே கொண்டுபோகலாகாது. அங்கே பிரதி செய்தவற்றை அழித்து, மறுசுழற்சிப் பெட்டியையும் வெறுமையாக்கிவிட்டே எழ வேண்டும். அடையாள அட்டையின் படம் பிறர் கையில் அகப்படுவது ஆபத்து. 'செவன் சிப்' போன்ற இலவச மென்பொருளால் ஆவணக் கோப்புறையைக் கடவுச்சொல்லிட்டுப் பூட்டி வைக்கலாம். அதுவும் நிறுவாமலே இயங்கும் வடிவத்திற் கிடைக்கிறது. கடவுச்சொல்லை வீட்டில் இருவராவது அறிந்திருத்தல் வேண்டும். மேலும், பென் டிரைவும் மெமரி கார்டும் நிரந்தரமானவை அல்ல. பல்லாண்டு மின்சாரம் படாமற் கிடந்தால் அவற்றின் நினைவு மங்கிப் போகலாம். சில ஆண்டுகளுக்கொரு முறை புதியதற்குப் பிரதி செய்தல் நலம்.

மாணவர்க்கும் சமூகத்துக்கும்

க.பொ.த. சாதாரண தரத்துக்கும் உயர்தரத்துக்கும் படிக்கும் மாணவர்களிடம் கடந்தகால வினாத்தாள்களும் ஆசிரியர் குறிப்புகளும் மலைபோற் குவிந்திருக்கின்றன. பரீட்சைக்கு முன்னாள் இரவிலே அவற்றைத் தேடி மனம் சோர்வதைக் காட்டிலும், ஆண்டு, பாடம், வகுப்பு என்று பெயரிட்டுப் பட்டியல் எடுத்து வைப்பவர் நேரத்தை மிச்சப்படுத்துவர். ஒரே கோப்பு நான்கு இடங்களில் இருப்பதையும் பெயர், அளவு ஆகியவற்றை ஒப்பிட்டு எளிதிலே கண்டுகொள்வர்.

வீட்டுக்கு அப்பாலும் இதற்குப் பயனுண்டு. சி. வி. வேலுப்பிள்ளை (1914 - 1984) அவர்கள் தோட்ட மக்களின் வாய்மொழிப் பாடல்களைத் தேடித் தொகுத்தார். 2005 ஆம் ஆண்டிலே தொடங்கப்பெற்ற நூலகம் என்னும் இணைய நூல்நிலையம் ஈழத்துத் தமிழ் நூல்களையும் இதழ்களையும் மின்வடிவிலே சேர்த்து, யாவரும் தேடி எடுக்கும்படி பட்டியலிட்டு வைத்திருக்கிறது. கம்பளைக்கு அருகே பழைய பீகொக் தோட்டத்திலே தோட்டத் தொழிலாளர் அருங்காட்சியகம் ஒன்றும் உண்டு. இத்தகைய முயற்சிகளுக்கு நம் வீடுகளிலிருந்து போய்ச் சேர வேண்டியவை ஏராளம்: கோயில் திருவிழா மலர், தொழிற்சங்கத் துண்டுப் பிரசுரம், கங்காணியின் கணக்குக் கொப்பி, காமன் கூத்தின் ஒலிப்பதிவு, பிரட்டுக்களத்திலே எடுத்த பழைய நிழற்படம். இவற்றுட் பலவற்றை இளைஞர்கள் ஏற்கனவே படமெடுத்து வைத்திருக்கின்றனர். எவரேனும் வந்து கேட்கும்போது, "இருக்கிறது, தேடிப் பார்க்க வேண்டும்" என்று சொல்லி அனுப்புவதோடு காரியம் நின்றுவிடுகிறது.

தேடும் மென்பொருள் மாயவித்தை செய்வதில்லை. நாம் இட்ட பெயரையே நமக்குத் திருப்பிக் காட்டுகிறது. நாம் எடுத்த பட்டியலையே நமக்கு வாசித்துச் சொல்கிறது. நம் பெயர்களைப் பிறர் எழுதினர், பிறர் இலக்கமிட்டனர், பிறர் பட்டியலிட்டனர். அதனால் வந்த இன்னல்களை மூன்று தலைமுறை அறியும். இன்று நம் பாட்டன் பாட்டியரின் பெயர்களைப் பிழையின்றி எழுதி, ஒழுங்காக இலக்கமிட்டு, நாமே பட்டியலிடும் வாய்ப்பு நம் கைக்கு வந்திருக்கிறது. அதற்கு வேண்டியவை ஒரு பென் டிரைவும், ஓர் அப்பியாசக் கொப்பியும், ஒரு ஞாயிற்றுக்கிழமையுமே. வருகின்ற ஞாயிற்றுக்கிழமையையே அதற்கு ஒதுக்குவோமாக.